முடிச்சில்லாத தையல்

நூல் ஊசிக்காதில் நுழைந்துவிட்டது. வழக்கமாக அடுத்து அந்தக் கை செய்வது ஒன்றுதான். நூலின் வாலை ஆள்காட்டி விரலில் ஒரு சுற்றுச் சுற்றி, கட்டைவிரலால் உருட்டி, கடுகளவு முடிச்சாக இறக்கும். நாற்பத்தைந்து வருஷப் பழக்கம். இந்தத் துணியில் அந்தக் கை அதைச் செய்யவில்லை. நூலின் வாலை இரண்டு விரற்கடை நீளத்துக்கு வெளியே தொங்கவிட்டு, அது நழுவாதபடி இடது கட்டைவிரலால் அழுத்திக்கொண்டு, பச்சைப் பட்டில் அடுத்த தையலைப் போட்டது. அரிசியில் பாதி அளவு தையல். அதன் பக்கத்தில் இன்னொன்று. திரும்பி வந்து இறுக்குகிற தையல் ஒன்றுகூட இல்லை, எல்லாம் முன்னோக்கியே போயின. நூல் தீர்ந்த இடத்திலும் முடிச்சு இல்லை. மறுபடி ஒரு வால், கத்தரியின் ஒரு சின்னச் சத்தம்.

போனவர்களுக்கான துணியை இப்படித்தான் தைக்க வேண்டும். ஒரு முடிச்சு இருந்தாலும் போகிறவர் அதில் மாட்டிக்கொண்டு, இங்கேயும் இல்லாமல் அங்கேயும் இல்லாமல் நிற்பார் என்பார்கள்.

"சித்தி, மூணு நாளா அங்கியோட ஒரே கையிலயே இருக்கீங்க. புதைக்கிற துணிதான? தூரத்துல இருந்துதான் படம் எடுக்கப்போறாங்க," என்றார் இஸ்திரி மேஜையிலிருந்து போங். அவருக்கு, தைத்துக்கொண்டிருந்த ஓக்சிமைவிட நான்கு வயது அதிகம். ஆனாலும் பட்டறையில் எல்லாரும் கூப்பிடுகிறபடி அவரும் சித்தி என்றுதான் கூப்பிடுவார். கேட்டால், 'நான் இன்னும் வயசுக்கு வரல' என்பார்.

"உங்க வேலையப் பாருங்க அண்ணே. போன தடவ மந்திரி அங்கியில பெட்டி வச்ச அடையாளத்த கேமராவே பாத்துது."

"மந்திரிக்கு முதுகுல மச்சம்னு நெனச்சிக்கிட்டாங்க."

சியோல் நகரத்துக்குக் கிழக்கே, நம்யாங்ஜுவில், சினிமாவுக்கு உடுப்புத் தைக்கிற பட்டறை அது. அரசர் கதைக்கு முந்நூறு அங்கி, கிளர்ச்சிக் கதைக்கு ஆயிரம் கந்தல் என்று எப்போதும் வேலை இருக்கும். இந்த வருஷம் வந்திருந்தது ஒரு காதல் கதை. தொண்ணூறு வருஷத்துக்கு முன்னால் எழுதின நாவல். அந்த நாட்டில் பள்ளிக்கூடம் போன எவரும் அதில் நாலு பக்கமாவது மனப்பாடம் செய்திருப்பார்கள். காகிதம் செய்கிறவனுடைய மகளும், தலைநகரத்திலிருந்து துரத்தப்பட்டு அந்த ஊருக்கு வந்த அதிகாரியின் மகனும் விரும்புகிறார்கள். அவன் தலைநகரம் போகிறான். நாலு வருஷம் காத்திருந்து, அவன் வருவதற்கு மூன்று நாள் முன்னால் அவள் செத்துப்போகிறாள். அவள் உடுத்தக் கொடுத்துவைக்காத மணமேலங்கியை அவளுடைய அம்மா அப்புறம்தான் தைக்கிறாள். அதை உடுத்தியே மகளைப் புதைக்கிறாள்.

அந்தக் காலத்தில் அப்படித்தான் வழக்கம். கல்யாணத்துக்கு உடுத்துகிற பச்சை மேலங்கிதான் பெண்ணுக்குக் கடைசி உடுப்பும். இது ஓக்சிமுக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பதினாறு வயதில் கங்வொன் மலைப்பக்கத்திலிருந்து சியோலுக்கு வந்து, சந்தையில் ஒரு துணிக்கடையின் மாடியில் உட்கார்ந்தவள். நாள்காட்டியில் பதின்மூன்றாவதாக ஒரு மிகுமாதம் கூடி வரும் வருஷங்களில், அப்பா அம்மா உயிரோடு இருக்கும்போதே அவர்களுக்குக் கடைசி உடுப்புத் தைத்து வைக்கிற பிள்ளைகள் கடைக்கு வந்து குவிவார்கள். அப்படித் தைத்து வைத்தால் ஆயுசு நீளும். கடையில் யாரும் அவளுக்குக் கற்றுக்கொடுக்கவில்லை. சிக்கலான தையல் உள்ள பழைய உடுப்பு கையில் கிடைத்தால் பிரித்துப் பார்ப்பாள், மறுபடி தைப்பாள், முதலில் இருந்ததுபோல் வரும்வரை விடமாட்டாள். முப்பது வயதுக்குள் அந்தச் சந்தையில் எத்தனையோ பேரைத் தன் தையலில் அனுப்பிவைத்துவிட்டாள்.

ஒருத்திக்கு மட்டும் தைக்கவில்லை.

நாரே அவளுடைய ஒரே மகள். இருபத்திரண்டு வயதில், கல்லூரித் தோழிகளோடு கிழக்குக் கடற்கரைக்கு ஜுமுன்ஜின் போனாள். அலைத்தடுப்புக் கல்லில் நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தபோது ஓர் அலை வந்து போயிற்று. நாலு பேர் நின்ற இடத்தில் மூன்று பேர் நின்றார்கள். பதினேழு நாள் தேடினார்கள். ஒரு செருப்புகூடக் கிடைக்கவில்லை.

பதினோரு குளிர்காலம் ஆயிற்று. தேடப் போன கணவர் கில்சு திரும்பி வரவேயில்லை. பேருந்து ஓட்டுகிற வேலையை விட்டுவிட்டு, அங்கேயே கணவாய் மீன் காயவைக்கிற கொட்டகையில் சேர்ந்துகொண்டார். மாதத்துக்கு ஒரு தரம் போன் செய்வார். 'இன்னும் ஒண்ணும் இல்ல,' என்பார். அவள் 'சரிங்க' என்பாள். சாப்பாடு, மாத்திரை பற்றி இரண்டு வார்த்தை. அவ்வளவுதான் குடித்தனம்.

உடல் இல்லாதவர்களுக்கும் வழி இல்லாமல் இல்லை. செத்தவருடைய சட்டை ஒன்றை எடுத்துக்கொண்டு கூரைமேல் ஏறி, வடக்கே பார்த்து நின்று, பேரைச் சொல்லி மூன்று தரம் 'திரும்பி வா' என்று கூப்பிட வேண்டும். வந்து சேர்ந்த உயிரை உடுப்பில் சுருட்டி மண்ணுக்குள் வைத்துவிடலாம். ஓக்சிம் இதை இரண்டு முறை முயன்று பார்த்தாள். முதல் தரம் சட்டையைக் கையில் எடுத்தாள், படி ஏறவில்லை. இரண்டாம் தரம் மொட்டைமாடி வரைக்கும் போய் வடக்கே பார்த்து நின்றாள். வாய் திறக்கவில்லை. கூப்பிட்டால் அவள் செத்துப்போய்விட்டாள் என்று தானே சொன்னதாகிவிடும். கீழே வந்து சட்டையை மடித்து வைத்தாள்.

இந்தப் படத்தின் வசனப் பிரதியை உடுப்புப் பிரிவுத் தலைவி ஜுரி கொடுத்தபோது, தொண்ணூற்றொன்றாவது காட்சியில் அது அப்படியே இருந்தது. கூரைமேல் ஓர் ஆள், கையில் பெண்ணின் சட்டை, மூன்று கூப்பாடு. பிறகு பச்சை அங்கி, பெட்டி, மண். ஓக்சிம் அந்தப் பக்கத்தைத் திரும்பத் திரும்பப் படித்தாள். படப்பிடிப்பு நாளில் ஓரமாக நின்றால் போதும். அந்த ஆள் நாவலில் வருகிற பேரைக் கூப்பிடட்டும். தான் மனசுக்குள் வேறு பேரை வைத்துக்கொள்ளலாம். அவள் வாயைத் திறக்க வேண்டியதே இல்லை.

ஜுரியிடம் ஒன்றே ஒன்று கேட்டாள். "பெட்டியில வச்சு மண்ணு போட்டப்புறம், அங்கிய தோண்டி எடுப்பீங்களா?"

ஜுரிக்கு நாற்பத்திரண்டு வயது. ஒரே சமயத்தில் இரண்டு போன் பேசுகிறவள். "எதுக்கு சித்தி? டைரக்டர் ஒரே ஷாட்ல எடுக்கணும்ங்கிறாரு. மண்ணாப்போன பட்டுத்துணிய வச்சு நான் என்ன பண்றது? அங்கயே கெடக்கட்டும்."

"எடுக்க மாட்டீங்கல்ல?"

"சத்தியமா எடுக்க மாட்டேன். சாமி குத்தம்னு பயமா?"

"அப்படித்தான் வச்சுக்கயேன்."

அன்றைக்கே பட்டுத்துணியை வெட்டினாள். கதாநாயகியாக நடிக்கிற ஹாயுலின் அளவுச் சீட்டு எதிரே சுவரில் ஒட்டியிருந்தது. அதை அவள் பார்க்கவில்லை. பெட்டிக்குள் படுக்கப்போவது பொம்மைதான், யார் அளக்கப்போகிறார்கள்? நாரேயின் தோளிலிருந்து மணிக்கட்டுவரை எத்தனை சாண் என்று அவளுடைய கைக்குத் தெரியும். கூடைப்பந்து ஆடின நீளக் கை. பள்ளிச் சீருடையின் கைப்பகுதியை வருஷத்துக்கு இரண்டு தரம் இறக்கித் தைத்திருக்கிறாள்.

பத்தொன்பது நாள் ஆயிற்று. பச்சைப் பட்டு உடல், கையின் ஓரத்தில் சிவப்பும் மஞ்சளும் பட்டை, நுனியில் வெள்ளை. உள்பக்கம் முழுக்க நூல் வால்கள், புல் முளைத்ததுபோல.

இருபதாம் நாள் காலை ஜுரி சிரித்துக்கொண்டே உள்ளே வந்தாள்.

"கதைய மாத்திட்டாங்க. அந்தப் பொண்ணு சாகல."

போங் இஸ்திரிப் பெட்டியைத் தூக்கி நிறுத்தினார். "என்னது சாகலயா? எங்க வகுப்புல அவ செத்த பக்கத்துல எல்லாரும் அழுது, பக்கமே ஒட்டிக்கிச்சு. இப்ப என்ன, எந்திரிச்சு உக்காந்துக்கிறாளா?"

"பணம் போடுறவங்க சொல்லிட்டாங்க, பண்டிகைக்கு வர்ற படம், குடும்பமா வர்றவங்கள அழவச்சு அனுப்பக் கூடாதுன்னு. காய்ச்சல் எறங்கிடுது. அவன் மூணு நாள் முன்னாடியே வந்துடுறான். கல்யாணம்."

"எழுதின ஆள் செத்து அறுபது வருஷம் இருக்குமா? தப்பிச்சான். உயிரோட இருந்தா இதப் பாத்துச் செத்திருப்பான்."

"உங்களுக்கு வாய் மட்டும் ஓயாது." ஜுரி ஓக்சிமிடம் திரும்பினாள். "நல்லவேளை சித்தி, உடுப்பு மாறல. அதே மணமேலங்கி. நாலு நாள்ல கல்யாண சீன். ஹாயுல் வெளியதான் இருக்கா, இப்பவே போட்டுப் பாத்துடலாம்."

ஓக்சிம் கையில் ஊசியோடு அப்படியே உட்கார்ந்திருந்தாள். "கூரையில ஏறிக் கூப்பிடுற சீன்?"

"எல்லாம் போச்சு. யாரு சாகுறா, கூப்பிடுறதுக்கு?"

அவள் எழுந்திருப்பதற்குள் ஹாயுல் உள்ளே வந்துவிட்டாள். இருபத்து மூன்று வயது, தலையில் முடி சுருட்டுகிற உருளைகள், கையில் காப்பிக் குவளை. குவளையைப் போங்கிடம் கொடுத்துவிட்டு இரண்டு கையையும் நீட்டினாள். ஜுரி ஆணியிலிருந்து அங்கியை எடுத்து அவள்மேல் போட்டாள். அது இவ்வளவு சுலபமாக நடந்துவிட்டது.

"ஐயோ, கை எங்க போச்சு எனக்கு," என்று ஹாயுல் சிரித்தாள். வெள்ளை நுனி அவளுடைய விரலுக்கும் கீழே தொங்கிற்று. கண்ணாடி முன்னால் நின்று போனை உயர்த்திப் பிடித்தாள். அதில் ஓர் அம்மாள், பின்னால் சமையலறை. "அம்மா, இங்க பாரு. உன் பொண்ணுக்குக் கல்யாணம்."

"அடிப்பாவி, மாப்பிள்ள யாருடி?" என்றது போன். "திரும்பு, பின்னாடி பாக்கணும். ம்ம், அழகா இருக்கு. கண்ணு பட்டுடும், கழட்டி வை."

"குனிஞ்சு கும்பிடுற மாதிரி செஞ்சு காட்டவா?" ஹாயுல் கைகளை நெற்றிக்கு உயர்த்தி, மணமகள் வணங்குகிறபடி மெல்ல இறங்கினாள். அக்குளுக்குக் கீழே தையல் சத்தமே இல்லாமல் விட்டுக்கொடுத்தது. ஒரு விரல் நுழைகிற இடைவெளி. நூல் வால் உள்ளே இழுபட்டுப் போயிற்று.

"கழட்டு," என்றாள் ஓக்சிம்.

அவள் குரல் யாருக்கும் பழக்கமில்லாததாக இருந்தது. ஹாயுல் எழுந்து நின்றாள். "நான் ஏதாச்சும் கிழிச்சிட்டேனா பெரியம்மா?"

"இல்ல கண்ணு. அளவு சரியில்ல. கழட்டிடு."

ஹாயுல் போனபிறகு ஜுரி கதவைச் சாத்தினாள். அங்கியைத் திருப்பி உள்பக்கத்தைப் பார்த்தாள். அவளும் தொழில் தெரிந்தவள்தான். ஒரு வாலைப் பிடித்தாள், இன்னொன்றைப் பிடித்தாள், முடிச்சு தேடினாள்.

"சித்தி, இது நெசமான சாவுத்துணி."

"ஆமா."

"பொம்மைக்குத்தான போடுறதா இருந்தோம்? ரெண்டு முடிச்சு போட்டா என்ன ஆயிடப் போகுது? இந்தக் கை யாரோட கை? ஹாயுலுக்கு மூணு விரல் நீளம் ஜாஸ்தி."

"என் பொண்ணோட கை."

ஜுரி வந்து ஆறு வருஷம் ஆகிறது. மகள் தூரத்தில் இருக்கிறாள் என்று மட்டும்தான் அவளுக்குத் தெரியும். ஓக்சிம் மிச்சத்தைச் சொன்னாள். நாலு வாக்கியத்தில் முடிந்துவிட்டது. அதற்குமேல் அதில் சொல்ல ஒன்றுமில்லை. போங் இஸ்திரிப் பெட்டியின் சுவிட்சை அணைத்துவிட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இரண்டு போனும் அடித்தன. ஜுரி இரண்டையும் எடுக்கவில்லை. "நீங்க இத எடுத்துக்கிட்டுப் போங்க சித்தி. நான் எங்கயாவது வாடகைக்கு ஒண்ணு புடிக்கிறேன். டைரக்டர் கத்துவாரு. கத்தட்டும்."

"எடுத்துட்டுப் போய் என்ன பண்ண?"

"புதைங்க. மலையில எடம் நான் கேட்டுத் தர்றேன்."

"புதைக்கிறதுக்கு முந்தி கூப்பிடணும்மா. கூப்பிடாம வெறுந்துணியப் புதைக்க முடியாது." ஓக்சிம் விட்டுப்போன தையலை விரலால் தடவினாள். "மத்தியானம் வரைக்கும் நேரம் கொடு. ஒருத்தரக் கேட்டுப் பாக்குறேன்."

பட்டறைக்குப் பின்னால், துணிச் சாயத் தொட்டிகள் கவிழ்த்து வைத்திருக்கிற இடத்தில் நின்று கில்சுவுக்குப் போன் செய்தாள். பதினோரு வருஷத்தில் அவளாகக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. அவர் ஒரே மணியில் எடுத்தார்.

"என்ன? ஏதாவது தகவலா? போலீஸ்ல இருந்து வந்தாங்களா?"

"இல்லங்க. தகவல் ஒண்ணும் இல்ல."

அவர் மூச்சு விடுகிற சத்தம் கேட்டது. பின்னால் கடலும் கேட்டது.

"உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். அவளுக்கு ஒரு உடுப்பு தைச்சிருக்கேன். பச்ச மேலங்கி. என்னால கூப்பிட முடியலீங்க, ரெண்டு தடவ முயற்சி பண்ணிட்டேன். நீங்க கூப்பிடுறீங்களா? அந்தக் கொட்டகக் கூரையில ஏறி. மூணே தடவதான். நான் உடுப்ப எடுத்துக்கிட்டு நாளைக்கே பஸ் ஏறி வந்துடுறேன்."

"கணவாய் திருப்பிப் போடுற நேரம்," என்றார்.

"நாரேயோட அப்பா."

"உயிரோட இருக்கிறவள எதுக்குக் கூரையில ஏறிக் கூப்பிடணும்? நீ அங்க தையலப் பாரு. நான் இங்க பாத்துக்கிட்டுதான இருக்கேன்." பிறகு வழக்கமான குரலில் கேட்டார். "முட்டிக்கு மாத்திர போடுறியா?"

"போடுறேன்."

"சரி." போன் அணைந்தது.

அவள் உள்ளே வந்தபோது ஜுரி வாடகைக் கடை ஒன்றோடு பேசிக்கொண்டிருந்தாள். ஓக்சிம் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"வேணாம். இதையே மாத்தித் தர்றேன்."

"சித்தி..."

"பிரிச்சுட்டு, முடிச்சுப் போட்டுத் தைக்கிறேன். இப்படியே விட்டா யாராவது இதத் தெரியாம அந்தப் பொண்ணு மேல மறுபடி போட்டுடுவாங்க. அவளுக்கும் ஒரு அம்மா இருக்கா."

தையலைப் பிரிப்பதற்கென்று கொக்கிபோல் ஒரு சின்னக் கத்தி உண்டு. ஒவ்வொரு தையலாக அறுக்க வேண்டும். சினிமா உடுப்பு ஒன்றைப் பிரிக்க ஒரு நாள் ஆகும். ஓக்சிம் கத்தியை எடுத்து வைத்துக்கொண்டு, முதல் வாலைப் பிடித்து இழுத்தாள். கத்தி தேவைப்படவில்லை. எங்கேயும் பிடிப்பு இல்லாத நூல், தோளிலிருந்து இடுப்புவரை ஒரே இழுப்பில் வந்துவிட்டது. அடுத்ததும் அப்படியே வந்தது. பத்தொன்பது நாள் வேலை, போங் இரண்டு சட்டை இஸ்திரி போடுகிற நேரத்தில் மேஜைமேல் துண்டு துண்டாகக் கிடந்தது. அங்கி இருந்த இடத்தில் பச்சைப் பட்டு, ஊசித் துளைகள் வரிசையாக.

போங் வந்து அந்தத் துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துப்போய், ஈரத்துணி வைத்து, துளைகள் மறையும்வரை தேய்த்துக் கொண்டுவந்து வைத்தார். அன்றைக்கு அவர் ஒரு வேடிக்கையும் பேசவில்லை. பேசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று ஓக்சிமுக்குத் தோன்றிற்று.

சுவரிலிருந்த அளவுச் சீட்டை எடுத்து எதிரில் வைத்துக்கொண்டாள். கை நீளத்தில் மூன்று விரல் வெட்ட வேண்டும். சுண்ணக்கட்டியால் கோடு போட்டாள். கத்தரி கோட்டின் தொடக்கத்தில் நின்றது. சீருடையின் கையை இறக்கி இறக்கித் தைத்திருக்கிறாள், ஒரு தரம்கூடக் குறைத்ததில்லை. அந்தக் கை வளர்ந்துகொண்டேதான் இருந்தது. கத்தரியை நகர்த்தினாள். இரண்டு கையிலும் வெட்டின பட்டு, நாடா அகலத்தில், காலடியில் விழுந்தது. பிற்பாடு பெருக்க வந்தவள் மற்ற வெட்டுத் துணிகளோடு சேர்த்து அள்ளிக்கொண்டு போனாள். ஓக்சிம் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள்.

பிறகு நூல் கோத்தாள். ஆள்காட்டி விரலில் ஒரு சுற்று, கட்டைவிரலின் உருட்டல், முடிச்சு. கைக்கு அது மறக்கவில்லை. ஒவ்வொரு வரிசையின் தொடக்கத்திலும் ஒன்று, முடிவில் ஒன்று. அக்குளுக்குக் கீழே திரும்பி வந்து இறுக்குகிற தையல், இரண்டு வரிசை. யார் எத்தனை தரம் குனிந்து வணங்கினாலும் விட்டுக்கொடுக்காத தையல். மூன்று நாள், வெளிச்சம் இருக்கிறவரைக்கும் தைத்தாள். நல்ல வேலைதான். அவளுக்கே தெரிந்தது, முந்தினதைவிட நல்ல வேலை. அதில் அவளுக்கு ஒன்றும் இல்லை.

நாலாம் நாள் காலை, மலையடிவாரத்தில் போட்டிருந்த கல்யாணப் பந்தலுக்கு ஜுரியின் வண்டியில் போனாள். முற்றத்தில் மணமேஜை, அதன்மேல் பைன் கிளையும் மூங்கிலும், சிவப்புத் துணியில் சுற்றின உயிருள்ள சேவல் ஒன்று. அது கத்தாமலிருக்க ஓர் ஆள் கழுத்தைத் தடவிக்கொண்டிருந்தான். கூரைமேல் யாரும் இல்லை. விளக்குக் கம்பி மட்டும் ஓடியது.

ஒப்பனை வண்டியின் கதவு திறந்திருந்தது. ஹாயுல் நெற்றியிலும் கன்னத்திலும் சிவப்புப் பொட்டு வைத்து உட்கார்ந்திருந்தாள். ஓக்சிமைப் பார்த்ததும் எழுந்தாள்.

"பெரியம்மா, அன்னைக்கு எம்மேல கோவமா?"

"இல்ல."

"அப்ப சரி. அன்னையிலருந்து அதே யோசனையா இருந்துது." அவள் மடித்த அங்கியைப் பார்த்தாள். "இப்ப இது என் அளவுதான?"

"உன் அளவுதான்," என்றாள் ஓக்சிம். "உனக்குத் தைச்சதுதான்."

ஹாயுல் தலை தாழ்த்தி, பெரியவர்களிடம் வாங்குகிறபடி இரண்டு கையையும் ஏந்தினாள். ஓக்சிம் இரண்டு கையாலும் கொடுத்தாள்.